ரோஜர் மூர் ஒரு டிவி நடிகர்

ஜேம்ஸ் பாண்ட் ரசிகர்கள் நாலு பேர் சேர்ந்தால் ரோஜர் மூருக்கு அடி விழுவது நிச்சயம். ஷான் கானரிதான் ஒரிஜினல், டேனியல் கிரேக் ரத்தமும் சதையும், திமோத்தி டால்டன் காலத்துக்கு முன்பே வந்துவிட்டவர் என்று ஆளாளுக்கு ஒரு நியாயம் வைத்திருப்பார்கள். மூர் என்று வந்தால் மட்டும், "அவரு சும்மா புருவத்தைத் தூக்கிட்டு நிப்பாரு" என்று ஒரே வரியில் முடித்துவிடுவார்கள். இதில் பாதிப் பழி அவர்மேலேயே இருக்கிறது. தன் நடிப்பைப் பற்றிக் கேட்டபோதெல்லாம் இடது புருவம் ஒன்று, வலது புருவம் ஒன்று, அவ்வளவுதான் சரக்கு என்று அவரே சொல்லிக்கொண்டு திரிந்தார். ஊர் சிரிப்பதற்கு முன்னால் தானே சிரித்துவிடுகிற ஆள். அவர் விளையாட்டாகச் சொன்னதை உலகம் நிஜமாகவே எடுத்துக்கொண்டுவிட்டது.

எனக்கு இதில் வேறு கட்சி. மூரை பாண்டாக மட்டும் பார்த்தால் அவருடைய பின்பாதியைத்தான் பார்க்கிறோம். முதல் பாண்ட் படம் வெளிவந்த 1973-இல் அவருக்கு வயது 45. அதற்கு முன்னால் 1958 முதல் 1972 வரை ஐந்து டிவி தொடர்களில் கதாநாயகனாக இருந்தவர். வாரா வாரம் வீட்டுக்கு வந்து போகிற நாயகனுக்கென்று தனியாக ஒரு நடிப்பு இருக்கிறது. தியேட்டரில் இரண்டரை மணி நேரம் ஒருவர் கர்ஜித்தால் விசில் அடிக்கலாம். அதே ஆள் வருஷக்கணக்காக நம் வீட்டுக் கூடத்தில் வந்து கர்ஜித்தால் டிவியை அணைத்துவிட்டுப் படுத்துக்கொள்வோம். ஆபத்து இருக்க வேண்டும், ஆனால் சாப்பிட்டுக்கொண்டே பார்க்கவும் முடிய வேண்டும். நகைச்சுவையும் சாகசமும் கலந்த தொடருக்கு இதுதான் அடிப்படை விதி. இந்த விதியை மூர் அளவுக்குத் தெரிந்துவைத்திருந்த இன்னொருவரை எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

புதுச்சேரியில் சில வீடுகளில் இதற்கு விளக்கமே தேவைப்படாது. முத்தியால்பேட்டையிலோ குறுசுக்குப்பத்திலோ வயதான சொல்தா யாரிடமாவது ரோஜர் மூர் என்று சொல்லிப் பாருங்கள். "யாரு, ரோஜே மூரா?" என்று பெயரைத் திருத்திவிட்டுப் பேச ஆரம்பிப்பார். பாண்டைப் பற்றி இருக்காது. லார்ட் பிரெட் சின்க்ளேரைப் பற்றி இருக்கும்.

வெளியூர்க்காரர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். 1954 நவம்பர் 1-ஆம் தேதி பிரெஞ்சு நிர்வாகம் கைமாறினாலும், சட்டப்படியான ஒப்படைப்பு 1962 ஆகஸ்ட் 16-இல்தான் நடந்தது. பிரெஞ்சுக் குடியுரிமையை வைத்துக்கொள்ள விரும்பியவர்கள் அதிலிருந்து ஆறு மாதத்துக்குள் எழுதிக்கொடுக்க வேண்டும். அப்படி எழுதிக்கொடுத்த குடும்பங்களில் பிரெஞ்சு ராணுவத்துக்குப் போனவர்கள் நிறைய. சர்வீஸ் முடிந்து, பென்ஷனோடு ஊர் திரும்பி, திண்ணை வைத்த வீட்டில் காலையில் பாகெட் ரொட்டியும் மத்தியானம் மீன் குழம்புமாக வாழ்ந்தவர்களை இங்கே சொல்தா என்போம். என் பெரியப்பா அவர்களில் ஒருவர். எழுபதுகளில் தெற்கு பிரான்சில் ஃப்ரெஜூஸ் முகாமில் இருந்தார். அங்கேதான், முகாமின் பொது அறை டிவியில், அந்தத் தொடர் அவரைப் பிடித்துக்கொண்டது. ஆங்கிலத்தில் "தி பெர்சுவேடர்ஸ்", பிரான்சில் "அமிக்கால்மான் வோத்ர்". அதில் மூரின் வேடம்தான் லார்ட் பிரெட் சின்க்ளேர்.

ஊருக்கு வரும்போது டிவியிலிருந்து பதிவு செய்த கேசட்டுகளை ஒரு பெட்டி நிறையக் கொண்டுவந்தார். ஆனால் பிரான்சில் அப்போது செக்காம் முறை ஒளிபரப்பு, நம்மூரில் பால் முறை (குடிக்கிற பால் இல்லை). செக்காம் கேசட்டை நம்மூர் டெக்கில் போட்டால் படம் வரும், சத்தம் வரும், நிறம் மட்டும் வராது. அதனால் எங்கள் தெருப் பிள்ளைகள் அந்தத் தொடர் முழுவதையும் கறுப்பு வெள்ளையில்தான் பார்த்தோம். பெரியப்பா பக்கத்தில் உட்கார்ந்து வாயாலேயே வண்ணம் அடிப்பார். "அந்த ஃபெராரி செவப்புடா. நம்ம லார்டு வண்டி மஞ்சள்." திரையில் நீஸ் நகரத்துக் கடல் ஓடும். "இந்த ரோட்ல நான் லாரி ஓட்டியிருக்கேன்" என்பார். முதல் அத்தியாயமே நீஸிலிருந்து மான்டி கார்லோ வரைக்கும் இரண்டு காரும் போட்டி போட்டுக்கொண்டு பறப்பதுதான். அவர் லாரி ஓட்டிய அதே ரோடுதானா என்று யாரும் குறுக்குக் கேள்வி கேட்டதில்லை.

சரி, மூரின் கதைக்கு வருகிறேன்.

1927 அக்டோபர் 14-இல் லண்டனின் ஸ்டாக்வெல் பகுதியில் பிறந்தார். அப்பா போலீஸ் கான்ஸ்டபிள். அம்மா கல்கத்தாவில் பிறந்த ஆங்கிலேயப் பெண். வீட்டுக்கு ஒரே பிள்ளை. பிரபுக்கள் பரம்பரை என்றெல்லாம் ஒன்றும் கிடையாது. பள்ளி முடிந்ததும் அனிமேஷன் கம்பெனி ஒன்றில் வேலைக்குச் சேர்ந்து, வேலை போய், 1945-இல் வெளியான "சீசர் அண்ட் கிளியோபாட்ரா" படத்தில் ஈட்டி பிடித்து நிற்கிற கூட்டத்தில் ஒருவராக நின்றார். பிரையன் டெஸ்மண்ட் ஹர்ஸ்ட் என்ற இயக்குநர் பையனின் முகவெட்டைப் பார்த்துவிட்டு ராடா நாடகப் பள்ளியில் சேர்த்து, கட்டணத்தையும் தானே கட்டினார். அங்கே கூடப் படித்த பெண் லோயிஸ் மேக்ஸ்வெல். பின்னாளில் பாண்ட் படங்களில் மிஸ் மனிபென்னியாக வந்தவர். ராடாவில் மூருக்குக் கிடைத்த பெரிய சொத்து நடிப்பு என்பதைவிட உச்சரிப்பு என்றுதான் நான் நினைக்கிறேன். ஸ்டாக்வெல் தெருப்பேச்சு உதிர்ந்து, அந்தப் பிரபுத்துவ ஆங்கிலம் நாக்கில் உட்கார்ந்தது. வாழ்நாள் முழுக்க அதைப் போட்ட சட்டையாகவே வைத்துக்கொண்டார், கழற்றவில்லை.

ஐம்பதுகளின் தொடக்கம் முழுக்க விளம்பர மாடல். ஸ்வெட்டர் விளம்பரங்களில் அவ்வளவு தடவை வந்தார் என்பதால் "தி பிக் நிட்" என்று பட்டப்பெயர். அப்புறம் ஹாலிவுட்டின் எம்ஜிஎம் கம்பெனி ஒப்பந்தம் போட்டு அழைத்துக்கொண்டது. 1956-இல் லானா டர்னருடன் "டயான்" என்ற சரித்திரப் படம். படம் படுத்துவிட்டது, கம்பெனி அவரை விட்டுவிட்டது. முப்பது வயதை நெருங்கும் அழகான, வேலையில்லாத ஆங்கிலேயர். சினிமாக்காரர்கள் அப்போது டிவியை இரண்டாம் பந்தியாகத்தான் பார்த்தார்கள். பசித்தவருக்குப் பந்தி வித்தியாசம் ஏது?

1958-இல் "ஐவன்ஹோ" வந்தது. வால்டர் ஸ்காட் நாவலின் நாயகனை எடுத்துக்கொண்டு, 39 அத்தியாயங்களுக்குக் குதிரையும் வாளும் கோட்டையுமாக ஓட்டிய சிறுவர் தொடர். சண்டைகளில் நிறையத் தானே இறங்கி விலா எலும்பை உடைத்துக்கொண்டார். தலைக்கவசத்தின் மேல் கோடாலி அடி விழுந்து மயங்கியும் விழுந்தார். இறகு சூடிய கவசத்தோடு குதிரைமேல் போகும்போது இடைக்காலத்துத் தீயணைப்பு வீரன் மாதிரி உணர்ந்ததாகப் பிறகு கிண்டல் செய்தார். இங்கேயே நமக்குத் தெரிந்த மூர் கிடைத்துவிடுகிறார். கவசம் மாட்டிக்கொண்டு நிற்பது எவ்வளவு அபத்தம் என்று அவருக்குத் தெரியும். தெரிந்தும் கடமையாக வாளைச் சுழற்றுவார். அந்தத் தொடரில் அவருக்குத் துணையாக வந்த ராபர்ட் பிரவுன்தான் இருபத்தைந்து வருடம் கழித்து "ஆக்டோபஸ்ஸி"யில் பாண்டின் மேலதிகாரி 'எம்' ஆக நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். டிவியில் ஒன்றாகச் சேறு பூசிக்கொண்டவர்கள் அவரைச் சுற்றி எப்போதும் இருந்துகொண்டே இருந்தார்கள்.

அடுத்தது "தி அலாஸ்கன்ஸ்". பெயரில்தான் அலாஸ்கா. படப்பிடிப்பு கலிஃபோர்னியாவில், வார்னர் பிரதர்ஸ் வளாகத்துக்குள். வெளியே கொளுத்தும் வெயில், உள்ளே கம்பளித் தொப்பியும் ரோமக் கோட்டுமாக நடுங்குவது போல நடிக்க வேண்டும். தான் செய்ததிலேயே மோசமான தொடர் அதுதான் என்று மூர் ஒளிக்காமல் சொல்வார். ஒரே சீசனில் மூடிவிட்டார்கள். இதில் ஒரு வேடிக்கை உண்டு. வார்னர் கம்பெனி சிக்கனத்துக்குப் பேர் போனது. "மாவரிக்" என்ற தங்கள் வெஸ்டர்ன் தொடரின் கதை வசனத்தைப் பெயர் மட்டும் மாற்றி அலாஸ்காவுக்கு அனுப்பிவிடுவார்கள். கொஞ்ச நாளில் "மாவரிக்" நாயகன் ஜேம்ஸ் கார்னர் கம்பெனியோடு மோதி வெளியேறினார். அந்த இடத்துக்கு, அதே வசனங்களை ஏற்கெனவே பேசிவிட்ட மூரையே கூப்பிட்டார்கள். கௌபாய் குடும்பத்தில் ஆங்கில உச்சரிப்போடு ஒரு ஒன்றுவிட்ட சகோதரர், பெயர் போ மாவரிக். கதைகள் தேய்ந்துபோனதும் அவரும் பாதியிலேயே கழன்றுகொண்டார்.

ஆனால் "மாவரிக்" ஒரு நல்ல பள்ளிக்கூடம். துப்பாக்கியை எடுக்காமல் எப்படித் தப்பிப்பது என்று யோசிக்கிற சூதாட்டக்கார நாயகர்களின் கதை அது. மூருக்கு நிஜத்திலும் துப்பாக்கிச் சத்தம் ஆகாது. சுடுவதற்கு முன்பே கண் தானாகச் சிமிட்டிவிடும். பின்னாளில் கொல்ல உரிமம் பெற்ற உளவாளியாகப் புகழ் பெற்றவருக்கு இப்படி ஒரு கஷ்டம். பாண்ட் படங்களைக் கவனித்துப் பாருங்கள், அந்தச் சிமிட்டல் தெரியும்.

1962 அக்டோபர் 4-இல் பிரிட்டனில் "தி செயிண்ட்" தொடங்கியது. எங்கள் ஊரில் சொல்தாக் குடும்பங்கள் எந்தக் குடியுரிமை என்று வீட்டுக்கு வீடு பேசிக்கொண்டிருந்த அதே ஆறு மாதத்துக்குள். சிங்கப்பூரில் சீனத் தந்தைக்கும் ஆங்கிலேயத் தாய்க்கும் பிறந்த லெஸ்லி சார்ட்டரிஸ் எழுதிய துப்பறியும் கதைகளின் நாயகன் சைமன் டெம்ப்ளர். பணக்காரத் திருடர்களிடம் திருடுகிற கனவான். 1969 வரை 118 அத்தியாயங்கள், அவற்றில் முதல் 71 கறுப்பு வெள்ளை, மீதி வண்ணம். ஒவ்வொன்றிலும் பாட்டுக்கு முன்னால் ஒரு சடங்கு உண்டு. யாராவது ஒருவர் அவரை அடையாளம் கண்டு "சைமன் டெம்ப்ளர்!" என்பார். உடனே அவர் தலைக்கு மேல் புனிதர்களுக்குப் போடுவது போல ஒரு ஒளிவட்டம் தோன்றும். மூர் நிமிர்ந்து அதை ஓரக்கண்ணால் பார்ப்பார். மொத்தமே இரண்டு நொடி. வாரா வாரம் அதே ஒளிவட்டம், அதே பார்வை. கேலியைக் கொஞ்சம் கூட்டியிருந்தால் தொடரே கேலிக்கூத்தாகியிருக்கும். குறைத்திருந்தால் அசட்டுத்தனமாகியிருக்கும். அந்த அளவு தெரிந்த கையைத்தான் நான் நடிகர் என்கிறேன்.

ஆரம்ப அத்தியாயங்களில் அவர் நேராக கேமராவைப் பார்த்து நம்மோடு பேசுவார். இன்று எந்த ஊரில் இருக்கிறேன், இந்த ஆள் எப்படிப்பட்டவன் என்று. ரோம், பாரிஸ், பஹாமாஸ் என்று ஊர் மாறிக்கொண்டே இருக்கும், ஆனால் எல்லாம் லண்டனுக்கு வெளியே எல்ஸ்ட்ரீ ஸ்டுடியோவில் போட்ட செட்தான். பின்னால் திரையில் ரோம் ஓடும், முன்னால் வெட்டிய கார் ஒன்றில் மூர் ஸ்டியரிங்கை ஆட்டிக்கொண்டிருப்பார். தயாரித்த ஐடிசி கம்பெனிக்காரர்கள் மலையிலிருந்து கார் உருள்கிற ஒரே காட்சியைப் பல தொடர்களில் ஒட்டி ஓட்டியவர்கள். இந்த அட்டை உலகத்தில் நம்பும்படியாக இருந்த ஒரே பொருள் நாயகனின் முகம். அதுவும் வெள்ளை வால்வோ பி1800 காரும். ஜாகுவார் கம்பெனியிடம் கேட்டுக் கிடைக்காமல் வால்வோவிடம் போனார்களாம். எஸ்டி 1 என்ற நம்பர் பிளேட்டோடு அந்த கார் தொடரைவிட அதிகமாகப் பேர் வாங்கிவிட்டது.

வண்ணத்துக்கு மாறிய பிறகு மூர் தயாரிப்பிலும் கூட்டாளி ஆனார். சில அத்தியாயங்களைத் தானே இயக்கினார். இதை யாரும் பேசுவதில்லை. "சும்மா நிற்கிற" நடிகர் வேலை முடிந்து வீட்டுக்குப் போகாமல் படத்தொகுப்பு அறையில் உட்கார்ந்திருந்தார். எனக்கு அந்த வண்ண அத்தியாயங்கள் கறுப்பு வெள்ளை அளவுக்குப் பிடிக்காது. கதை மெலிந்து சட்டை பளபளக்க ஆரம்பித்துவிட்டது. ஆனால் கடைசியில், 1969-இல், ஒரு அத்தியாயத்தில் டெம்ப்ளரோடு ஒரு அமெரிக்கரைச் சேர்த்துவிட்டு இருவரையும் சண்டை போடவைத்துப் பார்த்தார்கள். அது நன்றாக எடுபட்டது. தயாரிப்பாளர் ராபர்ட் எஸ். பேக்கர் அந்த விதையை எடுத்துத்தான் "தி பெர்சுவேடர்ஸ்" செய்தார்.

1971 செப்டம்பரில் தொடங்கி 1972 பிப்ரவரியில் முடிந்தது. மொத்தமே 24 அத்தியாயங்கள். பெரியப்பா தலைமுறை அதைப் பற்றிப் பேசுகிற பேச்சைக் கேட்டால் நூறு அத்தியாயம் வந்தது போலத் தோன்றும். பிரெஞ்சு டிவியில் திரும்பத் திரும்பப் போட்டார்கள் என்பதும் ஒரு காரணம்.

தலைப்பிசை ஜான் பாரி. அந்த ரீங்காரத்தோடு திரை இரண்டாகப் பிளக்கும். ஒரு பக்கம் நியூயார்க் பிராங்ஸ் சேரியில் வளர்ந்து எண்ணெயில் கோடீஸ்வரன் ஆன டேனி வைல்ட், மறு பக்கம் மாளிகையில் பிறந்து பெரிய இடத்துப் பள்ளியில் படித்த லார்ட் பிரெட் சின்க்ளேர். ஒரு சொல்கூட இல்லாமல், பழைய புகைப்படமும் செய்தித்தாள் துணுக்குமாக இரண்டு வாழ்க்கையும் ஒரு நிமிடத்தில் முடிந்துவிடும். இன்றைக்கும் ஒரு தொடருக்கு இதைவிட நல்ல தொடக்கத்தை நான் பார்த்ததில்லை. முதல் கதையில் இருவரும் ரோட்டில் போட்டி போட்டு, ஹோட்டலில் ஒரு மது பானத்தில் ஆலிவ் காய் ஒன்றா இரண்டா என்று அடித்துக்கொண்டு, ரெஸ்டாரண்டை நொறுக்குவார்கள். ஓய்வு பெற்ற நீதிபதி ஃபுல்டன் இருவரையும் மடக்கி, ஜெயிலா, இல்லை எனக்கு வேலை செய்கிறீர்களா என்பார். சட்டத்தின் பிடியில் சிக்காத குற்றவாளிகளைப் பிடிக்கிற வேலை.

டேனியாக நடித்தவர் டோனி கர்ட்டிஸ். ஹாலிவுட்டின் பெரிய நட்சத்திரம், ஏழை ஹங்கேரிய யூதக் குடும்பத்தில் பிறந்து நிஜமாகவே பிராங்ஸில் வளர்ந்தவர். எழுதிக்கொடுத்த வசனத்தோடு நிற்கமாட்டார், கேமரா முன்னாலேயே இட்டுக்கட்டுவார். குதிப்பார், கையுறையைக் கழற்றாமலே சாப்பிடுவார், போகிற போக்கில் நாற்காலியைத் தாண்டுவார். அப்படி ஒருவரோடு மேடையில் நிற்கிற இன்னொரு நடிகர் என்ன செய்வார்? பெரும்பாலானோர் போட்டிக்குக் குதிப்பார்கள். மூர் குதிக்கவில்லை. நின்று கேட்டார். கர்ட்டிஸ் அலையும்போதெல்லாம் ஒரு பார்வை, ஒரு பெருமூச்சு, கோட்டின் கையைச் சரிசெய்வது. நமக்கு இது புதிது இல்லை. செந்தில் அப்பாவியாக நின்று ஒரு கேள்வி கேட்காவிட்டால் கவுண்டமணிக்குக் கோபம் எங்கிருந்து வரும்? மூர் செய்தது செந்திலின் வேலை, பட்டுச்சட்டையும் கழுத்துத் துணியும் கட்டிக்கொண்டு. அந்தச் சட்டைகள்கூட அவரே வடிவமைத்தவை. அத்தியாய முடிவில் அதற்கென்று தனியாகப் பெயர் போடுவார்கள். சில சட்டைகளைப் பார்த்தால் போடாமலே விட்டிருக்கலாம் என்று தோன்றும்.

இந்தப் பொருத்தத்தில் எனக்கு ரொம்பப் பிடித்தது வேறு. திரையில் ஒருவர் சேரி, ஒருவர் அரண்மனை. நிஜத்தில் இரண்டு பேருமே இல்லாத வீட்டுப் பிள்ளைகள். கான்ஸ்டபிள் மகன் லார்டாக வேஷம் கட்டுகிறார், அதைப் பார்த்து இன்னொரு ஏழை வீட்டுப் பையன் நக்கல் அடிக்கிறார். ராணுவ முகாமில் உட்கார்ந்து இதைப் பார்த்த பெரியப்பாவுக்கு அந்த வாழ்க்கைச் சரித்திரமெல்லாம் தெரிந்திருக்க நியாயமில்லை. ஆனால் அவர் பேசிய பிரெஞ்சே முகாமில் கற்றதுதான். லிசே என்ற பிரெஞ்சுப் பள்ளியில் படித்த வீட்டுக்காரர்கள் அவர் உச்சரிப்பைக் கேட்டு லேசாகச் சிரிப்பார்கள், அது அவருக்கும் தெரியும். லார்ட் பிரெட் மாதிரி ஒரு புருவத்தைத் தூக்கிவிட்டு, "வுவாலா" என்று சொல்லிக் கடந்துவிடுவார். அதை எங்கே கற்றார் என்று எங்களுக்குத் தெரியும்.

பிரெஞ்சு டப்பிங்கைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் எங்கள் ஊர்க்காரர்கள் என்னை மன்னிக்கமாட்டார்கள். கர்ட்டிஸுக்குக் குரல் கொடுத்தவர் மிஷெல் ரூ, மூருக்கு குளோத் பெர்த்ரான். ரூவின் குரல் பட்டாசு. பெர்த்ரான் கனத்த குரல், கிணற்றுக்குள்ளிருந்து வருவது போல இருக்கும். அடிதடிப் படங்களில் வரும் தடித்த இத்தாலிய நடிகர் பட் ஸ்பென்சருக்கும் அவர்தான் பேசினார். மூரின் சொந்தக் குரல் இவ்வளவு கனம் கிடையாது, மெதுவானது, வெல்வெட் துணி. நான் ஆங்கில மூலத்தைப் பல வருடம் கழித்துத்தான் பார்த்தேன். முதலில் ஏமாற்றமாக இருந்தது. நாலைந்து அத்தியாயம் போன பிறகுதான் மூர் தன் குரலைத் தாழ்த்தித் தாழ்த்திக் கர்ட்டிஸுக்கு இடம் விடுவது காதில் விழ ஆரம்பித்தது. ஜெர்மனியில் இதைவிடக் கூத்து. அங்கே ரைனர் பிராண்ட் என்பவர் மூலத்தில் இல்லாத கேலிகளையெல்லாம் டப்பிங்கில் சேர்த்துவிட்டார். தொடர் அங்கே பெரிய வெற்றி.

அமெரிக்காவில் மட்டும் எடுபடவில்லை. அமெரிக்கச் சந்தையை நம்பி, வெளிநாட்டுப் படப்பிடிப்பு, இரண்டு நட்சத்திரம் என்று செலவழித்த தொடர், அங்கே விழுந்ததும் நின்றுவிட்டது. மூர் கை சும்மா இருந்தது. பாண்ட் தயாரிப்பாளர்களும் அப்போது ஆள் தேடிக்கொண்டிருந்தார்கள். "தி பெர்சுவேடர்ஸ்" அமெரிக்காவில் ஓடியிருந்தால் மூரின் முதல் பாண்ட் படமான "லிவ் அண்ட் லெட் டை"யில் வேறு யாரோ நடித்திருப்பார்கள்.

பாண்ட் படங்களை வேகமாகக் கடந்துவிடுகிறேன், எல்லோரும் பார்த்தவைதானே. ஏழு படங்கள், கடைசிப் படம் வந்தபோது வயது 57. "தி ஸ்பை ஹூ லவ்ட் மீ" அருமை. "மூன்ரேக்கர்" எனக்குக்கூட அதிகம். "ஆக்டோபஸ்ஸி"யைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. உதய்பூரில் எடுத்த அந்தப் படத்தில் நம் சென்னை டென்னிஸ் வீரர் விஜய் அமிர்தராஜ் பாண்டின் கூட்டாளி. பாம்பாட்டி வேஷத்தில் உட்கார்ந்து மகுடியில் பாண்ட் இசையை வாசிப்பார். ஆட்டோ துரத்தலில் டென்னிஸ் ராக்கெட்டாலேயே எதிரிகளை விளாசுவார். நடுவில் ஆணிப்படுக்கை, தீமிதி, கத்தி விழுங்குகிறவர் என்று இந்தியாவைப் பற்றி வெள்ளைக்காரர் மனதில் இருக்கும் மொத்தச் சாமானும் ஒரே சந்தில் கொட்டிக் கிடக்கும். கோபப்படலாம், நியாயமும்தான். ஆனால் இது அதே எல்ஸ்ட்ரீ அட்டை உலகம். அன்றைக்கு ரோமும் பாரிஸும் பட்டது, இப்போது நம் முறை. மூரும் அதே டிவி மூர்தான். கூட நடிக்கிறவருக்குக் கைதட்டல் போகட்டும் என்று ஆட்டோவில் ஒதுங்கி உட்கார்ந்திருப்பார். நம் ஊரில் தென்னகத்து ஜேம்ஸ் பாண்ட் என்று கொண்டாடிய ஜெய்சங்கரிடமும் இந்த லேசுபாசான குணம் இருந்தது. அடிப்பார், ஆனால் மூச்சு வாங்கமாட்டார்.

பாண்டுக்கு நடுவிலேயே தன்னைக் கிண்டல் செய்துகொள்ள அவருக்கு நேரம் இருந்தது. 1980-இல் மப்பெட் பொம்மைகளோடு டிவியில் ஆடினார். 1981-இல் "தி கேனன்பால் ரன்" படத்தில், தன்னை ரோஜர் மூர் என்று நம்பிக்கொண்டிருக்கும் ஒரு பணக்காரப் பையனாக வந்தார். நடித்துக்கொண்டிருக்கிற பாண்டே இப்படிச் செய்வார் என்று இன்னொருவரைக் கற்பனை செய்ய முடிகிறதா?

நடிகை ஆட்ரி ஹெப்பர்ன் சொல்லி, ஐ.நா.வின் குழந்தைகள் அமைப்பான யூனிசெஃபுக்குள் வந்து, 1991-இல் அதன் நல்லெண்ணத் தூதரானார். முக்கியமாக எடுத்துக்கொண்டது அயோடின் குறைபாடு. கவர்ச்சியே இல்லாத விஷயம். சென்னைக்கு ஈசிஆரில் போகும்போது மரக்காணம் உப்பளங்களைத் தாண்டுகிறபோது எனக்கு இது ஞாபகம் வரும். உப்பில் கொஞ்சம் அயோடின் சேர்த்தால் குழந்தைகளின் மூளை வளர்ச்சி காப்பாற்றப்படும் என்று நாடு நாடாகப் போய்ச் சொல்லிக்கொண்டிருந்தார், சிரிப்பு மூட்டியபடியே. 2003-இல் சர் பட்டம் கிடைத்தது.

2017 மே 23-இல் சுவிட்சர்லாந்தில் இறந்தார், வயது 89. உலகம் முழுக்கத் தலைப்புச் செய்தி பாண்ட் என்றுதான் இருந்தது. இரண்டு மாதத்தில், சில வருடங்களுக்கு முன்பே எடுத்து வைத்திருந்த புதிய "தி செயிண்ட்" டிவி படம் வெளிவந்தது. அதில் சின்ன வேடத்தில் மூர் இருந்தார். ஆக கடைசியாக வந்ததும் டிவிக்குத்தான். படம் சுமார், அவருக்காக ஒரு தடவை பார்க்கலாம்.

இதுவரை பார்க்காதவர்கள் எங்கே தொடங்குவது என்று கேட்டால், "தி பெர்சுவேடர்ஸ்" முதல் அத்தியாயத்தைப் பார்த்துவிட்டு நேராக "கிரீன்ஸ்லீவ்ஸ்" போங்கள். தன் பூர்வீக மாளிகையில் தன்னைப் போலவே நடிக்க ஒரு நடிகரைத் தேடுகிறார்கள் என்று தெரிந்து, லார்ட் பிரெட் தானே போய் அந்த வேலைக்கு விண்ணப்பிப்பார். லார்ட் வேஷம் போட்ட கான்ஸ்டபிள் மகன், லார்ட் வேஷம் போடும் நடிகராக வேஷம் போடும் லார்டாக நடிக்கிறார். புருவம் தவிர வேறொன்றும் தெரியாதவர் என்பவர்கள் இந்த ஒரு மணி நேரத்துக்குப் பதில் சொல்லட்டும். அடுத்து "எ டெத் இன் தி ஃபேமிலி". சின்க்ளேர் குடும்பத்துப் பெரியவர்கள் ஒவ்வொருவராகக் கொல்லப்படுவார்கள். ஜெனரல், அட்மிரல், அத்தைப்பாட்டி எல்லாமே மூர்தான். கர்ட்டிஸும் விடாமல் புடவை கட்டாத குறையாகத் தன் அத்தை வேடத்தில் வந்து நிற்பார். பிரெஞ்சு தெரிந்தவர்கள் டப்பிங்கில் பாருங்கள். தெரியாதவர்கள் ஆங்கிலத்தில். வண்ணத்தில் பார்ப்பதும் தப்பில்லை, அந்த ஃபெராரி நிஜமாகவே சிவப்புதான்.